தன் சனத்தை நோக்கிப் பேசிய ஆயர்: லக்ஷ்மன் விக்கிரமசிங்கவும் இரு தலைமுறை இளைஞரும்

புகலிடத்தில் நாம் எழுதிவரும் வரலாற்றில் சிங்களவருக்கு இரண்டு பெட்டிகள் உண்டு. ஒன்றில் பேரினவாதிகள். மற்றதில் 'நல்ல சிங்களவர்'. இரண்டாவது பெட்டி மிகச் சிறியது. அதிலிருப்பவர்களை ஆண்டுக்கொருமுறை, பெரும்பாலும் யூலையில், வெளியே எடுத்துத் தூசி தட்டிப் பார்க்கிறோம். குருணாகல் ஆயர் லக்ஷ்மன் விக்கிரமசிங்க அந்தப் பெட்டிக்குள் வைக்கப்பட்டவர். 1983 யூலைக்குப் பின் அவர் ஆற்றிய உரையிலிருந்து ஓரிரு வாக்கியங்கள் மலர்களிலும் பிரசுரங்களிலும் திரும்பத் திரும்ப அச்சாகின்றன. அந்த வாக்கியங்களுக்கு முன் அவர் என்ன செய்தார், யாரோடு இருந்தார், எவருடைய கேள்விகளுக்குப் பதில் தேடிக்கொண்டிருந்தார் என்பதை எம்மில் யாரும் பெரிதாகக் கேட்டதில்லை.

அந்த உரை ஓர் இரக்கமுள்ள மனிதரின் கணநேர உணர்ச்சி அல்ல என்பதே இக்கட்டுரையில் நான் சொல்ல வருவது. அது கால் நூற்றாண்டு காலம் இளைஞர்களோடு செய்த வேலையின் விளைவு. அந்த வேலையிலிருந்து பிரித்தெடுத்தால் அவ்வுரை எமக்கு ஒரு நற்சான்றிதழாக மட்டுமே பயன்படும். அதனோடு சேர்த்துப் படித்தாலோ அது எம்மை நோக்கியும் ஒரு கேள்வியாகத் திரும்பும். நற்சான்றிதழ் எமக்குப் பிடிக்கும். கேள்வியைப் பற்றித்தான் நான் பேச விரும்புகிறேன்.

1

லக்ஷ்மன் விக்கிரமசிங்க 1927 மார்ச்சில் பிறந்தவர். தந்தை சிவில் சேவையில் உயர் பதவி வகித்தவர். தமையன் எஸ்மண்ட் விக்கிரமசிங்க லேக் ஹவுஸ் பத்திரிகை நிறுவனத்தை நடத்தியவர்; ஐக்கிய தேசியக் கட்சியின் உள்வட்டத்தில் செல்வாக்குள்ளவர். எஸ்மண்டின் மகன்தான் ரணில் விக்கிரமசிங்க. அவர் 1983இல் ஜே.ஆர். ஜயவர்த்தனவின் அமைச்சரவையில் இருந்தார். 2022 முதல் 2024 வரை நாட்டின் ஜனாதிபதியாகவும் இருந்தார். ஆக ஆயர் பிறந்து வளர்ந்தது ஆளும் வர்க்கத்தின் நடு வீட்டில். கொழும்பு றோயல் கல்லூரி, இலங்கைப் பல்கலைக்கழகத்தில் அரசியல் விஞ்ஞானம், பின் ஒக்ஸ்போர்டில் கீபிள் கல்லூரி என்று அந்த வர்க்கத்துப் பிள்ளைக்கு வழமையான பாதையிலேயே போனார்.

பாதை விலகியது அதன் பின்னர்தான். 1950களின் தொடக்கத்தில் குருப்பட்டம் பெற்று, லண்டனின் கிழக்குப் புறத்தில் பொப்லரில் உதவிக் குருவாகப் பணி செய்தார். பொப்லர் துறைமுகத் தொழிலாளரின் இடம். போரில் குண்டுகள் விழுந்து சிதைந்த இடம். இங்கிலாந்துத் திருச்சபையின் ஒரு பிரிவினர் அப்பகுதியில் ஏழைத் தொழிலாளர் நடுவே நீண்ட காலமாக வேலை செய்துவந்தனர். பூசையும் வீட்டுவாடகைப் பிரச்சினையும் ஒரே மேசையில் பேசப்படும் மரபு அது. இலங்கை திரும்பிய இளங்குரு அந்த மரபைக் கூடவே கொண்டுவந்தார்.

1958இல் அவர் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் அங்கிலிக்கன் மாணவர்களின் ஆன்மீக வழிகாட்டியாக நியமிக்கப்பட்டார். ஆண்டைக் கவனிக்க வேண்டும். தனிச்சிங்களச் சட்டம் வந்து இரண்டு வருடம். அந்த மே மாதத்தில்தான் தமிழர்மீது முதற்பெரும் நாடுதழுவிய வன்முறை நடந்தது. பேராதனையிலோ சிங்கள, தமிழ் மாணவர்கள் ஒரே விடுதியிற் படுத்து, ஒரே மண்டபத்திற் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். இன்னொரு மாற்றமும் அப்போது நடந்துகொண்டிருந்தது. 1960ஐ ஒட்டிக் கலைப் பீடத்தில் சுயமொழிக் கல்வி வந்தது. ஆங்கிலம் பேசும் நகரத்துப் பிள்ளைகளின் இடமாயிருந்த பல்கலைக்கழகத்துக்குள் கிராமத்து மகா வித்தியாலயங்களிலிருந்து சிங்களப் பிள்ளைகள் நூற்றுக்கணக்கில் வந்தார்கள். பட்டம் பெற்றார்கள். வேலை கிடைக்கவில்லை. ஆங்கிலம் தெரிந்தவனுக்கே கதவு திறந்தது. பத்து ஆண்டுகளின் பின் துப்பாக்கி தூக்கப்போகும் ஒரு தலைமுறையின் மனநிலை அங்கே உருவாகிக்கொண்டிருந்தது. விக்கிரமசிங்க 1962 வரை அதன் நடுவில் இருந்தார்.

2

இளைஞர் வேலை என்று சொல்லும்போது நாம் எதை நினைக்கிறோம்? திருச்சபைகளில் அதற்கு நிலையான ஒரு பொருள் உண்டு. பாடல், பந்து விளையாட்டு, முகாம், ஒழுக்கப் போதனை. பிள்ளைகள் கெட்டுப்போகாமல் பார்த்துக்கொள்வது. இதைக் குறைத்துச் சொல்லவில்லை. வேறொரு மரபும் இருந்தது என்பதைத்தான் சொல்கிறேன்.

அந்த மற்ற மரபில் எமது பங்கும் உண்டு. இந்தியாவின் முதல் இந்திய அங்கிலிக்கன் ஆயரான வேதநாயகம் சாமுவேல் அசரியா ஒரு தமிழர்; திருநெல்வேலிச் சீமையின் வெள்ளாளன்விளையில் 1874இல் பிறந்தவர். குருப்பட்டம் பெறுவதற்கு முன் 1895 தொடக்கம் ஏறத்தாழப் பதினான்கு ஆண்டுகள் வாலிபக் கிறிஸ்தவ சங்கத்தின் செயலாளராக ஊர் ஊராகத் திரிந்தவர். 1902இல் யாழ்ப்பாணம் வந்தார். அங்கே மாணவர்களே பணம் சேர்த்துத் தமது ஊழியரை வெளியே அனுப்புவதைப் பார்த்தார். வெள்ளைக்காரரின் காசில் நாம் ஏன் இருக்க வேண்டும் என்ற எண்ணம் அதனால் வலுப்பெற்றது. அடுத்த ஆண்டு திருநெல்வேலியில் இந்திய மிஷனரி சங்கம் தோன்றியது. 1910இல் எடின்பரோவில் கூடிய உலக மிஷனரி மகாநாட்டில் வெள்ளை மிஷனரிகளின் மேலாண்மையை முகத்துக்கு நேரே கேள்வி கேட்டவரும் அவரே. 1912 டிசெம்பர் 29இல் தோர்ணக்கல் ஆயரானார். யாழ்ப்பாணத்து மாணவர் சிலரின் முயற்சி ஓர் ஆயரின் பாதையைத் தீர்மானித்ததில் பங்கு வகித்தது என்பது எமது வரலாற்று நூல்களில் அரிதாகவே பேசப்படும் செய்தி.

அசரியாவின் தலைமுறைக்கு இளைஞர் என்றால் தேசத்தைக் கட்டும் ஊழியர்கள். விக்கிரமசிங்கவின் தலைமுறைக்கு அது போதாமற் போனது. நாடு விடுதலை அடைந்துவிட்டது. ஆனால் யாருடைய நாடு என்ற கேள்வி எழுந்துவிட்டது. மாணவர் கிறிஸ்தவ இயக்கம் அக்காலத்தில் ஆசியா முழுவதும் இந்தக் கேள்வியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தது. மார்க்சியத்தைப் படிக்காமல், பௌத்தத்தைப் படிக்காமல் இலங்கையில் ஒரு மாணவனோடு பேச முடியாது. விக்கிரமசிங்க இரண்டையும் ஊன்றிப் படித்தார். மாணவரின் கேள்விகளுக்கு விடை சொல்வதைவிட அவற்றை மதிப்பது முதல் வேலை என்ற நிலைப்பாடு அவருடைய எழுத்துக்களில் தெரிகிறது. இளைஞரை வழிநடத்த வேண்டிய மந்தையாகப் பாராமல், உரையாட வேண்டிய எதிர்த்தரப்பாகப் பார்ப்பது என்று இதை நான் புரிந்துகொள்கிறேன்.

3

1962இல், 35ஆவது வயதில், அவர் குருணாகலின் இரண்டாவது ஆயரானார். முதலாம் ஆயர் லக்தாச த மெல். அங்கிலிக்கன் திருச்சபையில் ஆயர் பட்டம் பெற்ற முதல் இலங்கையர் அவர். 1950இல் தொடங்கப்பட்ட இம்மறைமாவட்டத்தைச் சிங்களக் கிராமத்தின் இசை, சிற்பம், கட்டிடக் கலை இவற்றோடு இணைக்க முயன்றவர். குருணாகலில் உள்ள கிறிஸ்து அரசர் பேராலயம் அந்த முயற்சியின் சாட்சி. மேல்நாட்டுக் கோபுரம் இல்லாமல் உள்நாட்டு மரபிலேயே எழுப்பப்பட்ட கோயில் அது.

இந்த மறைமாவட்டத்தின் புவியியலும் முக்கியமானது. குருணாகல், கேகாலை, கண்டி, மாத்தளை, அநுராதபுரம், பொலன்னறுவை. ஒரு பக்கம் சிங்கள விவசாயக் கிராமங்கள், மறுபக்கம் தேயிலை, இறப்பர் தோட்டங்கள். 1854இல் தொடங்கிய தமிழ்க் கூலி மிஷனின் வழிவந்த மலையகச் சபைகளும் இதற்குள் வருகின்றன. பிரஜாவுரிமை பறிக்கப்பட்ட தமிழ்த் தொழிலாளியும், வேலையற்ற சிங்களப் பட்டதாரியும் ஒரே ஆயரின் பொறுப்பில் இருந்தார்கள்.

குருணாகலுக்கு அருகே இப்பாகமுவவில் யோகான் தேவானந்த என்ற அங்கிலிக்கன் குரு 1957இல் தேவசரண என்ற ஆச்சிரமத்தைத் தொடங்கியிருந்தார். ஆரம்பத்தில் அது தியான இல்லம். காலப்போக்கில் விவசாயிகளும் இளைஞரும் கூடும் இடமாயிற்று. கிறிஸ்தவரும் பௌத்தரும் மார்க்சியரும் ஒன்றாக அமர்ந்து நிலத்தைப் பற்றியும் விடுதலையைப் பற்றியும் பேசினார்கள். மரபான சபையினருக்கு இது உவப்பாக இருந்திராது. ஆயர் அதற்குக் குடை பிடித்தார்.

4

1971 ஏப்பிரல் 5. மக்கள் விடுதலை முன்னணியின் கிளர்ச்சி. பொலிஸ் நிலையங்கள் தாக்கப்பட்டன. கேகாலை மாவட்டத்தின் பல பகுதிகள் நாட்கணக்கில் அரசின் கையிலிருந்து நழுவின. அரசின் பதிலடி கொடூரமாயிருந்தது. அரசு ஒப்புக்கொண்ட சாவுகள் ஏறத்தாழ 1,200. மற்றவர்களின் மதிப்பீடுகள் அதைவிடப் பல மடங்கு. பதினாயிரத்துக்கும் மேற்பட்டோர் முகாம்களில் அடைக்கப்பட்டனர். பெரும்பாலோர் இருபதுகளிலும் அதற்குக் குறைந்த வயதிலும் இருந்தவர்கள். கதிர்காமத்தில் பிரேமவதி மனம்பேரி என்ற இளம்பெண்ணுக்குப் படையினர் செய்தது பின்னர் நீதிமன்றம்வரை போனது. இந்தியா, பிரித்தானியா, அமெரிக்கா, சோவியத் ஒன்றியம், சீனா என்று ஒருவரோடொருவர் ஒத்துவராத வல்லரசுகள் எல்லாம் கொழும்புக்கு உதவ ஓடிவந்தன.

அப்போது எங்கள் பக்கத்தில் என்ன நடந்தது? றோகண விஜேவீர யாழ்ப்பாணச் சிறையிலேயே வைக்கப்பட்டிருந்தார். அவரை மீட்க வந்த இளைஞரின் முயற்சி யாழ்ப்பாணத்தில்தான் தோற்றது. ஆனால் அது 'அவங்கட பிரச்சினை' என்ற மனநிலையே எங்களிற் பெரும்பாலோரிடம் இருந்தது. அதற்கு ஒரு நியாயமும் இல்லாமலில்லை. முன்னணியின் ஐந்து வகுப்புகளில் ஒன்று இந்திய விஸ்தரிப்புவாதம் பற்றியது. மலையகத் தமிழ்த் தொழிலாளியை அது அந்த விஸ்தரிப்பின் கருவியாகக் காட்டியது. இப்படிப்பட்டவர்களுக்காக நாம் ஏன் கண்ணீர் விட வேண்டும் என்று கேட்கலாம்.

விக்கிரமசிங்கவுக்கும் அந்தக் கேள்வி வேறு வடிவத்தில் இருந்தது. கிளர்ச்சியாளர் ஆயுத வழியை எடுத்தவர்கள். அவர் அவ்வழியை ஏற்றவரல்லர். அரசில் இருந்தவர்களில் முற்போக்காளர் என்று பேர்பெற்ற இடதுசாரிகளும் இருந்தார்கள். அமைதியாக இருப்பது எளிது. அந்த ஆண்டின் இறுதியில் குடியியல் உரிமை இயக்கம் தோன்றியபோது அதைத் தொடக்கியவர்களில் ஒருவராக ஆயர் இருந்தார். பின்னர் அதன் தலைவருமானார். தடுத்துவைக்கப்பட்டோருக்குச் சட்ட உதவி, பெற்றோர் பார்க்கும் உரிமை, சித்திரவதைக்கு எதிரான குரல், அவசரகாலச் சட்டத்தின் விமர்சனம் என்று இயக்கத்தின் வேலை நீண்டது. ஓர் இளைஞனின் அரசியலை ஏற்காமலே அவனுடைய உரிமைக்காக நிற்க முடியும் என்பதை இந்த இயக்கம் நாட்டுக்குக் காட்டியது. அப்போது அது புதிய பாடம். இன்றும் எமக்குப் புதிய பாடமாகவே இருக்கிறது.

இங்கே ஒரு சட்ட வரலாற்றைச் சொல்லியாக வேண்டும். 1972இல் குற்றவியல் நீதி ஆணைக்குழுச் சட்டம் கொண்டுவரப்பட்டது. கிளர்ச்சியாளரை விசாரிக்க வழமையான சாட்சியச் சட்டம் தடையாயிருக்கிறது என்று சொல்லி, பொலிசாரிடம் கொடுத்த வாக்குமூலத்தையும் சான்றாக ஏற்க வழி செய்யப்பட்டது. இயக்கம் அதை எதிர்த்தது. 1977இல் ஜயவர்த்தன ஆட்சி அச்சட்டத்தை நீக்கி விஜேவீரவை விடுதலை செய்து நல்ல பெயரும் வாங்கிக்கொண்டது. ஆனால் 1979 யூலையில் அதே ஆட்சி பயங்கரவாதத் தடைச் சட்டத்தைக் கொண்டுவந்தது. வாக்குமூலத்தைச் சான்றாக ஏற்கும் ஏற்பாடு அதில் மீண்டும் வந்தது. வழக்கில்லாமல் 18 மாதம் வரை அடைத்துவைக்கும் அதிகாரமும் சேர்ந்தது. இம்முறை இலக்கு தமிழ் இளைஞர். அதே மாதம் யாழ்ப்பாணத்தில் அவசரகால நிலை பிறப்பிக்கப்பட்டது. இளைஞர் பிடிக்கப்பட்டனர், சிலர் சடலங்களாக வீதியிற் கிடந்தனர்.

சிங்கள இளைஞனின் உடலிற் பரீட்சித்துப் பார்த்த ஆயுதம் ஏழு ஆண்டுகளில் தமிழ் இளைஞனிடம் வந்து சேர்ந்தது. 1971இல் நாங்கள் 'அவங்கட பிரச்சினை' என்றோம். 1979இல் அவர்கள் அதையே சொன்னார்கள். இரண்டு தடவையும் அப்படிச் சொல்லாதவர்கள் மிகச் சிலர். குடியியல் உரிமை இயக்கம் 1979 சட்டத்தையும் அதே சொற்களில், அதே நியாயங்களோடு எதிர்த்தது. ஆயர் தமிழர் பக்கம் 'வந்தவர்' அல்லர். 1971இல் நின்ற இடத்திலேயே நின்றார். நாங்கள்தான் பிறகு அந்த இடத்துக்குப் போய்ச் சேர்ந்தோம்.

5

1981இல் பெங்களூரில் ஆசியக் கிறிஸ்தவ மகாநாட்டின் பேரவை கூடியபோது டி.ரி. நைல்ஸ் நினைவுப் பேருரையை ஆற்றியவர் விக்கிரமசிங்க. நைல்ஸ் யாழ்ப்பாணத்து மெதடிஸ்தர்; 1948இல் அம்ஸ்ரடாமில் உலகத் திருச்சபைகள் மன்றத்தின் முதற் பேரவையிலேயே பேசியவர். ஒரு தமிழரின் நினைவாக, ஒரு சிங்கள ஆயர், மக்களோடு வாழ்வது என்றால் என்ன என்று பேசினார். அந்த ஆண்டின் யூன் முதலாம் திகதி விடியும்போது யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிந்து சாம்பலாகியிருந்தது. இரண்டு நிகழ்ச்சிகளும் ஒரே ஆண்டுக்குள் அடங்கின.

பின்னர் 1983 யூலை. நடந்ததை இப்பத்திரிகையின் வாசகருக்கு நான் விவரிக்கத் தேவையில்லை. வெலிக்கடைச் சிறையில் மட்டும் 25ஆம் 27ஆம் திகதிகளில் 53 தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டனர். பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ்ப் பிடிக்கப்பட்ட கத்தோலிக்க, மெதடிஸ்த குருமாரும் அங்கிருந்து உயிர் தப்பினர். ஜனாதிபதி தொலைக்காட்சியில் தோன்றினார். தமிழருக்கு ஒரு அனுதாபச் சொல் சொல்லவில்லை. ஆகஸ்டில் ஆறாவது திருத்தம் வந்தது.

செப்டெம்பரில் குருணாகல் மறைமாவட்டப் பேரவைக்கு ஆயர் தமது உரையை நிகழ்த்தினார். சபை நிர்வாகக் கூட்டத்தில் வழமையாக வாசிக்கப்படும் உரை அது. அதன் வாதத்தை என் சொற்களில் தருகிறேன். பதின்மூன்று படையினர் கொல்லப்பட்டதையோ, தனிநாட்டுக் கோரிக்கையையோ காட்டி, நிராயுதபாணிகளான தமிழர்மீது நடந்ததை நியாயப்படுத்த முடியாது. இது ஒழுக்கரீதியான குற்றம். சிங்களவர் இதை ஒப்புக்கொண்டு வெட்கப்பட வேண்டும். வெட்கப்படுவது மட்டும் போதாது. பாதிக்கப்பட்டவரிடம் மன்னிப்பும் கேட்க வேண்டும். செய்தவன் கேட்காவிட்டால், செய்யாதவன் அவன் சார்பிற் கேட்க வேண்டும். ஏனென்றால் இனத்தின் பெருமையில் பங்கு கேட்பவன் அதன் குற்றத்திலும் பங்கு ஏற்கக் கடமைப்பட்டவன்.

பேசியவரின் பெறாமகன் அன்றைய அமைச்சரவையில் இருக்கிறார். தமையன் ஜனாதிபதிக்கு நெருக்கமானவர். கேட்டுக்கொண்டிருந்தவர்களிற் பெரும்பாலோர் சிங்களக் கிறிஸ்தவர்கள். வெளியே, ஒரு வார்த்தை பேசினாலே துரோகி என்ற சூழல். இவ்வளவையும் நிறுத்துப் பார்த்தாற்தான் அந்தப் பேச்சின் விலை தெரியும். ஒக்டோபர் 23இல் அவர் மாரடைப்பால் இறந்தார். வயது 56.

அரசுத் தலைமையில் இருந்த ஒருவர் 1983க்காகப் பகிரங்கமாக மன்னிப்புக் கேட்க 2004 யூலைவரை, சந்திரிகா குமாரதுங்கவின் உரைவரை, நாடு காத்திருந்தது. இருபத்தொரு ஆண்டுகள். ஆயர் எடுத்தது இரண்டு மாதம்.

6

விமர்சனம் இல்லாமல் ஒருவரைப் போற்றுவது எமது பழைய நோய். எனவே அவருடைய எல்லைகளையும் சொல்ல வேண்டும். இலங்கையில் கிறிஸ்தவர் நூற்றுக்கு ஏழு பேரளவில். அவர்களிற் பெரும்பான்மை கத்தோலிக்கர். அங்கிலிக்கன் ஆயரின் குரல் சிங்கள பௌத்தக் கிராமத்தை எட்டியதற்குச் சான்றில்லை. அவருடைய மொழி ஆங்கிலம் கற்ற தாராளவாதியின் மொழி. அவர் தனிநாட்டுக் கோரிக்கையின் ஆதரவாளர் அல்லர். ஒரே நாட்டுக்குள் நீதி என்பதே அவரது அடிப்படை. அந்த நாடு திருந்தும் என்ற அவருடைய நம்பிக்கை பொய்த்துப்போனது என்று 2009 மேக்குப் பின் ஒருவர் சொன்னால் நான் மறுக்க மாட்டேன். 1987–89இல் அவர் பாதுகாக்க முயன்ற அதே இயக்கம் மீண்டும் ஆயுதம் தூக்கியபோது, அரசும் அதுவும் சேர்ந்து பல்லாயிரம் சிங்கள இளைஞரைத் தின்று தீர்த்தன. அந்த வகையில் அவருடைய இளைஞர் வேலை தோற்ற வேலைதான்.

ஆனால் தோற்ற வேலை எல்லாம் பிழையான வேலை அல்ல. எமது போராட்ட வரலாற்றை எழுதும் நாங்கள் இதை எவரையும்விட நன்றாக அறிவோம்.

7

இவற்றை நான் ஈசா டவுனிலிருந்து எழுதுகிறேன். 1980களின் நடுப்பகுதியில் வளைகுடாவுக்கு வந்தவன் நான். பஹ்ரேனின் அன்றைய ஆட்சியாளர் ஷேக் ஈசாவின் பெயரில், உள்நாட்டுக் குடும்பங்களுக்கு வீடு கொடுக்கவென்று 1960களிற் கட்டப்பட்ட நகரம் இது. வளைகுடா நாடுகள் எதுவும் 1951 அகதிகள் சாசனத்தில் ஒப்பமிடவில்லை. எனவே இங்கே எவனும் அகதி இல்லை. பாரிசிலும் ரொறன்ரோவிலும் இருக்கும் நண்பர்களிடம் அகதி அட்டையாவது இருந்தது. இங்கே எல்லோரும் விசாக்காரர். விசா முடிந்தால் போக வேண்டும். போகும் இடம் எரிகிறதா என்று எவரும் கேட்பதில்லை.

இந்த நிலை ஒரு விசித்திரமான சமத்துவத்தையும் தந்தது. ஐரோப்பாவிலே சிங்களவரைக் காணாமலே முப்பது வருடம் வாழ முடியும். இங்கே தொழிலாளர் முகாமில் ஒரே அறைக்குள் சிங்களப் பெடியனும் தமிழ்ப் பெடியனும் மேல் கட்டிலும் கீழ்க் கட்டிலுமாய்ப் படுத்தார்கள். 1989இல் தமையனைக் காணாமற் போகக் கொடுத்த அம்பாந்தோட்டைக்காரனும், இராணுவத்துக்குப் பயந்து பெற்றோர் கடன்பட்டு அனுப்பிய பருத்தித்துறைக்காரனும் ஒரே சட்டியில் சமைத்தார்கள். பேராதனையில் 1958இல் ஆயர் கண்டதை, அதைவிட வறிய வடிவில், நான் இங்கே கண்டேன். அவர்களிடையே பேச்சு இருந்தது. ஆனால் அந்தப் பேச்சை ஊக்குவிக்க எந்த இயக்கமும், எந்தச் சபையும், எங்களைப் போன்ற படித்தவர்களும் முன்வரவில்லை. மனாமாவில் 1953இல் எழுந்த புனித கிறிஸ்தோபர் ஆலயத்தின் வளவில் பல மொழிச் சபைகள் வெவ்வேறு நேரங்களிற் கூடுகின்றன. ஒருவருக்கொருவர் தடங்கலில்லாமல் நேர அட்டவணை போடுவதோடு ஒற்றுமை முடிந்துவிடுகிறது. எமது சங்கங்களும் அப்படித்தான்.

இதே ஈசா டவுனில் மன்னார்த் தீவைச் சேர்ந்த ஒரு முஸ்லிம் தையற்காரர் பல காலம் இருந்தார். 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகளால் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட ஏறத்தாழ 75,000 முஸ்லிம்களில் ஒருவர். தமிழைத் தவிர வேறு மொழியில் கனவு காணாதவர். எங்கள் கூட்டங்களுக்கு யாரும் அவரை அழைத்ததில்லை. அவரும் கேட்டதில்லை.

ஆயரின் உரை எம்மைக் கேட்கும் கேள்வி இங்கேதான் இருக்கிறது. 2002 சமாதான காலத்தில் புலிகள் தரப்பிலிருந்து வருத்தம் தெரிவிக்கப்பட்டது உண்மை. அது செய்தவரின் வருத்தம். அரசியற் தேவையோடு வந்த வருத்தம். விக்கிரமசிங்க பேசியது வேறு. செய்யாதவனின் மன்னிப்பு பற்றி அவர் பேசினார். நான் துரத்தவில்லை, ஆனால் துரத்தியவன் என் பேரில் துரத்தினான் என்று சொல்லும் மன்னிப்பு அது. அப்படி ஒரு உரை 1990 டிசெம்பருக்குள் யாழ்ப்பாணத்தில் எந்தக் கோயிலிலாவது, எந்தத் தேவாலயத்திலாவது, எந்தக் கல்லூரி மண்டபத்திலாவது நிகழ்த்தப்பட்டிருந்தால் அதை இன்று நாம் நெஞ்சை நிமிர்த்திக் காட்டியிருக்கலாம். துப்பாக்கிக்குப் பயம் என்பது விளக்கம்தான். ராஜனி திராணகம 1989இல் சுட்டுக் கொல்லப்பட்ட பிறகு அந்தப் பயத்தை யாரும் கேலி செய்ய முடியாது. ஆனால் துப்பாக்கி எட்டாத ஒஸ்லோவிலும் சூரிச்சிலும் பஹ்ரேனிலும் இருந்த எங்களுக்கு அந்த விளக்கம் பொருந்தாது.

இளைஞர் விடயமும் இதோடு சேர்ந்ததே. எமது அரசியலில் இளைஞருக்கு மூன்று இடங்கள்தான் கொடுக்கப்பட்டன: மாவீரர், துரோகி, காசு அனுப்புபவர். கேள்வி கேட்பவன் என்ற நான்காவது இடம் கொடுக்கப்படவில்லை. குருணாகல் ஆயர் செய்ததெல்லாம் அந்த நான்காவது இடத்தைத் திறந்து வைத்ததுதான். அவரிடம் கேள்வி கேட்ட சிங்கள இளைஞர்கள் அவரையும் மாற்றினார்கள். கால் நூற்றாண்டு அப்படி மாற்றப்பட்டபடியாற்தான் 1983இல் தன் சனத்தைப் பார்த்துப் பேச அவருக்கு நா எழுந்தது.

புகலிடத்திற் பிறந்த எமது பிள்ளைகள் இப்போது 1990 பற்றியும், குழந்தைப் போராளிகள் பற்றியும், சகோதரக் கொலைகள் பற்றியும் கேட்கத் தொடங்கியிருக்கிறார்கள். எதிரிக்கு வாய்ப்பளிக்கும் கேள்விகள் என்று நாம் அவற்றைத் தட்டிக்கழிக்கிறோம். 1971இல் கொழும்பு அரசும் இதையேதான் சொன்னது. வருகிற யூலையில் ஆயரின் வாக்கியங்களை மீண்டும் அச்சடிக்கப் போகிற நண்பர்கள், அவற்றில் 'சிங்களவர்' என்று வரும் இடங்களில் 'தமிழர்' என்று போட்டு ஒருமுறை தனியே வாசித்துப் பார்க்கட்டும். அதன் பிறகும் அச்சடிக்கத் துணிபவர்களோடு விவாதிக்க நான் ஆயத்தம்.